பின்வாசல் வழியாகப் போன பெட்டி

அந்தத் தெருவில் அவருக்கு ஐஸ்காரர் என்று பெயர். ஐஸ் விற்கிறவர் என்று நம்பி வெயில் காலத்தில் வாசலில் வந்து நின்ற குழந்தைகளும் உண்டு. உண்மையில் அவர் பெரியாஸ்பத்திரிப் பிணவறையில் வேலை பார்க்கிறவர். பெண் கேட்டுப் போனபோது அவருடைய அம்மாவுக்கு அதை எப்படிச் சொல்வதென்று தெரியவில்லை. "பையன் ஐஸ் கம்பெனியில இருக்கான், நிரந்தர வேலை" என்று ஒரு போடு போட்டுவிட்டார். கல்யாணமாகிச் சில நாள் கழித்து, புதுப்பெண் ஐஸ் கம்பெனியைச் சுற்றிப் பார்க்க வேண்டும் என்று ஆசையாகக் கேட்டபோதுதான் குட்டு உடைந்தது. பெட்டியைத் தூக்கிக்கொண்டு அம்மா வீட்டுக்குக் கிளம்பிவிடுவாள் என்று அவர் எதிர்பார்த்தார். அவள் கொஞ்ச நேரம் அவருடைய கையையே பார்த்தாள். "அதான் கை எப்பவும் சில்லுனு இருக்கா?" என்றாள். பிறகு விழுந்து விழுந்து சிரித்தாள். அதைத் தன் தம்பியிடம் சொன்னாள், தம்பி தெருவுக்கே சொன்னான், ஐஸ்காரர் என்ற பெயர் ஒட்டிக்கொண்டது.

பிணவறை, ஆஸ்பத்திரிக் கட்டடங்களின் கடைசியில், சலவைக்கூடத்தைத் தாண்டி இருந்தது. முன்னால் தகரக் கூரை போட்ட தாழ்வாரம், அதில் நீள பெஞ்சுகள். உள்ளே கழுவிக் கழுவி வெளுத்த தரை, சுவர் முழுக்க இரும்பு இழுப்பறைகள், எந்நேரமும் உறுமிக்கொண்டிருக்கும் குளிர் இயந்திரம். உடலை வாங்கிக்கொள்ள வேண்டும், காலில் சீட்டுக் கட்ட வேண்டும், டாக்டர் கேட்கும்போது மேஜைக்குக் கொண்டுவர வேண்டும், எல்லாம் முடிந்ததும் கழுவித் துடைத்து வெள்ளைத் துணி சுற்றிச் சொந்தக்காரர்களிடம் ஒப்படைக்க வேண்டும். மரத்துப்போகத் தெரிந்தவன்தான் அந்த வேலையில் நிலைக்க முடியும். ஐஸ்காரருக்கு அது சீக்கிரமே கைவந்துவிட்டது. சுற்றிலும் மாரில் அடித்துக்கொண்டு அழுவார்கள், இவர் நடுவில் கையைக் கட்டிக்கொண்டு நிற்பார். "இவன் மனுஷனா மரக்கட்டையா" என்று அவர் காதுபடவே சொல்வார்கள். அவர் அதைத் தப்பாக எடுத்துக்கொள்வதில்லை.

ஆனால் மரக்கட்டை ஒரு காரியம் செய்திருந்தது. அதுதான் பின்னால் அவருக்கு வினையாக வந்தது.

சில குடும்பத்தார் இறந்தவரின் கண்களைத் தானம் கொடுக்கச் சம்மதிப்பார்கள். அப்போது கண் வங்கியிலிருந்து ஒருவர் வருவார். அமைதியான மனிதர், இவரைவிட வயதில் இளையவர், வாய் நிறைய "அண்ணா" என்று கூப்பிடுவார். கண்ணை எடுத்துக் குப்பியில் போட்டு, குப்பியை ஐஸ் அடைத்த ஒரு நீலப் பெட்டியில் வைப்பார். அவர் குடும்பத்தாரிடம் நன்றி சொல்லிக்கொண்டிருக்கிற நேரத்தில் ஐஸ்காரர் பெட்டியைக் கொண்டுபோய் வண்டியில் ஏற்றிவிடுவார். ஆரம்பத்தில் முன்வாசல் வழியாகத்தான் போய்க்கொண்டிருந்தார். ஒருநாள் தாழ்வாரத்தில் உட்கார்ந்திருந்த ஒரு தாய், அவளேதான் மகனின் கண்ணுக்குச் சம்மதம் கொடுத்தவள், பெட்டியைப் பார்த்துவிட்டு எழுந்து வந்தாள். "இதுக்குள்ளயா இருக்கு?" என்று கேட்டாள். பெட்டியின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. இழுத்துக்கொண்டு போகவும் முடியாது, கொடுத்துவிடவும் முடியாது. அவள் கை ஓய்ந்து தானாக விடுகிற வரைக்கும் ஐஸ்காரர் அசையாமல் நின்றார்.

அன்றோடு முன்வாசலை விட்டுவிட்டார். பெட்டிமேல் ஒரு துண்டைப் போட்டு மூடி, கழிவுத்துணி வண்டி போகிற சந்து வழியாகப் பின்வாசலுக்குக் கொண்டுபோவார். வண்டியையும் அங்கேயே நிறுத்தச் சொல்லிவிட்டார். யாரும் உத்தரவு போடவில்லை, யாரும் ஏன் என்று கேட்கவுமில்லை. பெற்றவர்கள் கண்ணில் அது படக் கூடாது, அவ்வளவுதான் அவருடைய கணக்கு.

மேல்மாடி வார்டின் ஜன்னலிலிருந்து யாரோ அதைப் படம் பிடித்தார்கள். சில விநாடி ஓடுகிற படம். ஒரு மனிதனின் முதுகு தெரிகிறது. துண்டு போட்டு மூடிய பெட்டி தெரிகிறது. சந்தின் முனையில் அவன் நின்று இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்க்கிறான். அந்தச் சந்தில் துணிவண்டிகள் கண்மண் தெரியாமல் வரும், பார்க்காமல் கால் வைத்தால் இடுப்பெலும்பு மிஞ்சாது. ஆனால் படத்தில் வண்டி ஏது? திருட்டுத்தனமாகச் சுற்றுமுற்றும் பார்க்கிற ஒரு ஆள்தான் தெரிந்தான். கீழே எழுதியிருந்தார்கள்: "பெரியாஸ்பத்திரியில் கிட்னிக் கொள்ளை. ஏன் பின்வாசல்? ஏன் துண்டு போட்டு மூட வேண்டும்? உங்களுக்கும் குடும்பம் இருந்தால் பத்துப் பேருக்கு அனுப்புங்கள்." பத்துப் பேருக்கு அனுப்பச் சொன்னால் நூறு பேருக்கு அனுப்பும் தாராள மனசு நம்மவர்களுக்கு எப்போதும் உண்டு. பக்கத்து வீட்டுக்காரனுக்கு ஒரு தம்ளர் தண்ணீர் கொடுக்க யோசிப்பார்கள், இதற்கு யோசிக்க மாட்டார்கள்.

குடும்பக் குழுவில் அதைக் கொண்டுவந்து போட்டவன் மனைவியின் தம்பி. மோட்டார் உதிரிபாகக் கடை வைத்திருக்கிறவன். கடையில் வியாபாரம் நடக்கிறதோ இல்லையோ, போனில் சதா வியாபாரம்தான். இன்னது தின்றால் இருதயம் நின்றுவிடும், இன்னதைக் குடித்தால் நின்ற இருதயம் ஓடும் என்று விடிந்ததிலிருந்து அனுப்பிக்கொண்டே இருப்பான். இந்தப் படத்துக்கும் மேலே "உஷார்" என்று சிவப்பு விளக்குகள் போட்டு அனுப்பியிருந்தான். அக்கா மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தாள். இடது தோள் கொஞ்சம் இறங்கிய அந்த நடையை அவளுக்குத் தெரியாதா? அவள் கையால் தையல் போட்ட சட்டை வேறு.

உடனே தம்பியைக் கூப்பிட்டாள். "ஏண்டா, அந்தப் படத்தை நல்லாப் பாத்தியா?"

"பாத்தேன்கா. பாவிங்க. இவனுங்களைச் சும்மா விடக் கூடாது."

"அது உங்க அத்தான்டா."

"மூஞ்சி தெரியலையேக்கா" என்றான். உடனே அழித்துவிட்டதாகவும் சொன்னான். குடும்பக் குழுவில் அழித்தது உண்மைதான். கடைக்காரர்கள் குழு, பள்ளித் தோழர்கள் குழு, மொட்டைமாடிச் சீட்டாட்டக் குழு, இங்கெல்லாம் அவன் கையாலேயே ஏற்கெனவே போயாகிவிட்டது.

ஆஸ்பத்திரிக் கண்காணிப்பாளர் ஐஸ்காரரைக் கூப்பிட்டு விசாரித்தார். அவர் கெட்டவர் இல்லை. "நீங்க தப்புப் பண்ணலைன்னு எனக்குத் தெரியும். ஆனா வாயைத் திறக்காதீங்க. விசாரணை முடியட்டும்" என்றார். விசாரணை முடிந்தது. குற்றம் ஒன்றுமில்லை, பெட்டியில் இருந்தவை குடும்பத்தார் சம்மதித்துக் கொடுத்த கண்கள் என்று ஒரு தாளில் அடித்துத் தகவல் பலகையில் ஒட்டினார்கள். அதை யாரும் படம் பிடித்து யாருக்கும் அனுப்பவில்லை. பேசாதே என்று சொன்ன கண்காணிப்பாளர் பேசலாம் என்று திரும்பச் சொல்ல மறந்துவிட்டார். ஐஸ்காரரும் கேட்கவில்லை.

அதன் பிறகு பிணவறை வாசலில் அழுகை குறைந்துபோய்ச் சண்டை அதிகமாகிவிட்டது. உடலை வாங்க வருகிறவர்கள் போனில் விளக்கைப் போட்டுக்கொண்டு உள்ளே வந்தார்கள். துணியைத் தூக்கச் சொன்னார்கள். விபத்தில் மகனைப் பறிகொடுத்த ஒரு பெரியவர், "எல்லாம் சரியா இருக்கான்னு பாத்துக் குடுப்பா" என்றார். கடையில் சாமான் வாங்குகிற குரலில்தான் சொன்னார், கோபம்கூட இல்லை. ஐஸ்காரர் துணியை விலக்கிக் காட்டினார். எதைப் பார்ப்பதென்று அந்தப் பெரியவருக்குத் தெரியவில்லை. மகனின் மார்பில் இருந்த தையலை வெறித்துப் பார்த்துவிட்டு, "சரி" என்றார். இன்னொரு நாள் நாலைந்து ஆண்கள் சேர்ந்து ஐஸ்காரரைச் சுவரோடு வைத்து அழுத்திப் பைகளைத் துழாவினார்கள். பீடிக்கட்டும் வீட்டுச் சாவியும்தான் கிடைத்தன. சாவியைத் திருப்பிக் கொடுத்தார்கள், பீடிக்கட்டைக் கொடுக்கவில்லை. கொஞ்ச நாளில் யாரும் கேட்காமலே அவர் துணியை விலக்கிக் காட்ட ஆரம்பித்தார். பஸ் ஏறினதும் டிக்கெட் எடுக்கிற மாதிரி அதுவும் ஒரு பழக்கமாகிவிட்டது.

ஆஸ்பத்திரி வாசல் டீக்கடைக்காரர் முன்பெல்லாம் கிளாஸைக் கையில் கொடுத்து இரண்டு வார்த்தை பேசுவார். இப்போது பலகையில் வைத்துவிட்டுத் திரும்பிக்கொண்டார். கேட்டால் ஆயிரம் வேலை இருக்கிற மாதிரி பாத்திரத்தை உருட்டினார். கண் வங்கிக்காரர் மட்டும் வழக்கம்போல வந்தார். தாழ்வாரத்து பெஞ்சில் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு உட்காருவார். குடும்பத்தாரிடம் பேச வாயைத் திறப்பார், அவர்கள் பெட்டியைப் பார்ப்பார்கள், அதோடு சரி. வெறும் ஐஸ் உருகித் தண்ணீராகி அவர் கால்சட்டையை நனைக்கும். "வரேன்ணா" என்று எழுந்து போவார். கொஞ்ச காலத்தில் வருவதும் நின்றுபோனது.

இத்தனைக்கும் ஐஸ்காரர் வீட்டில் ஒரு வார்த்தை சொல்வதில்லை. சாப்பிடுவார், படுப்பார், எழுந்து போவார். வயிற்றெரிச்சல் எல்லாம் மனைவிக்குத்தான். அவளுக்கு ஏற்கெனவே இருதயம் பலவீனம், மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்கும். அதோடு தெருவில் யார் என்ன சொன்னாலும் போய் மல்லுக்கு நின்றாள். "எங்க வீட்டுக்காரர் திருடி வெச்ச சொத்தைக் காட்டட்டுமா, உள்ள வாங்க" என்று ஒருத்தியைக் கையைப் பிடித்து இழுத்துவந்து காலி அலமாரியைத் திறந்து காட்டினாள். வந்தவள் காலி அலமாரியையும் சந்தேகமாகத்தான் பார்த்தாள்.

ஒரு சாயங்காலம் அவள் கட்டிலில் சாய்ந்துகொண்டு சட்டைக்குப் பொத்தான் வைத்துக்கொண்டிருந்தாள்.

"என்னங்க, நான் போனப்புறம் என் கண்ணைக் குடுத்துடுங்க" என்றாள்.

அவர் பேப்பரிலிருந்து தலையைத் தூக்கவில்லை. "இப்ப எதுக்கு அந்தப் பேச்சு?"

"சோடாபுட்டிக் கண்ணு யாருக்காச்சும் உதவுமா?"

"கண்ணாடி போட்டிருந்தாலும் உதவும். கருவிழி மேல இருக்கிற தோலைத்தான் வெப்பாங்க."

"அப்பக் குடுங்க. பின்வாசல் வழியா வேணாம். முன்வாசல் வழியா, துண்டெல்லாம் போடாம, நீங்களே தூக்கிட்டுப் போங்க. எல்லாரும் பாக்கட்டும்." நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள். "நீங்க திருடன் இல்லேன்னு நான் வேற எப்படித்தாங்க சொல்றது? கத்திக் கத்திப் பாத்தாச்சு. ஒருத்தனும் நம்பலை."

அவர் "சரி" என்றார். பேச்சை முடிக்கத்தான் சொன்னார். ஆனால் சொன்னது சொன்னதுதான்.

ஒரு காலை வேளையில் அவள் எழுந்திருக்கவில்லை. மற்றவர்கள் என்றால் உலுக்கிப் பார்ப்பார்கள், டாக்டரைக் கூப்பிட ஓடுவார்கள். ஐஸ்காரர் கையைத் தொட்டதுமே தெரிந்துகொண்டார். அழுகை வரவில்லை. எங்கேயோ தூரத்தில் ஒரு கதவு சாத்திக்கொண்ட மாதிரி இருந்தது, அவ்வளவுதான். கை பாட்டுக்கு வேலை பார்த்தது. மின்விசிறியை நிறுத்தினார். தலைக்கு இன்னொரு தலையணை வைத்து உயர்த்தினார். தலைமாட்டில் கிடந்த மூக்குக்கண்ணாடியை எடுத்து ஓரமாக வைத்துவிட்டு, இமைகளை மூடி, அவற்றின் மேல் ஈரப் பஞ்சை வைத்தார். பிறகு கண் வங்கிக்காரருக்குப் போன் செய்தார். இந்த வேலையைச் சில மணி நேரத்துக்குள் செய்தாக வேண்டும். மகளுக்குப் போன் செய்தது அதற்கும் பிறகுதான். அதை நினைத்து அவருக்குப் பின்னால் வருத்தமாக இருந்தது.

ஒரே மகள். ஊரின் இன்னொரு மூலையில் கட்டிக்கொடுத்த இடம், ஒரு தனியார் அலுவலகத்தில் கணக்கு வேலை. அம்மா என்று கத்திக்கொண்டே வந்தவள், ஈரப் பஞ்சைப் பார்த்ததும் அழுகையை நிறுத்திவிட்டாள். அவளும் ஐஸ்காரர் மகள்தானே, அதற்கு என்ன அர்த்தம் என்று அவளுக்குத் தெரியும். அப்பாவைச் சமையலறைக்கு இழுத்துக்கொண்டு போனாள். பின்னாலேயே மச்சினனும் வந்து கதவோரம் நின்றான்.

"அப்பா, இது வேணாம்பா."

"உங்கம்மா கேட்டா."

"அம்மா ஆயிரம் கேப்பாங்க. வாசல்ல எத்தனை பேர் நிக்கிறாங்க பாத்தீங்களா? அந்தப் பெட்டி இந்த வீட்டுக்குள்ள வந்துச்சுன்னா என்ன சொல்வாங்க? பொண்டாட்டியைக்கூட விட்டுவைக்கலைன்னு சொல்வாங்க. அதையும் படம் பிடிச்சுப் போடுவாங்க. எங்க மாமியார் ஏற்கெனவே என்னை ஒரு மாதிரியாத்தான் பாக்குறாங்க."

"ஆமா அத்தான்" என்றான் மச்சினன். "இந்த நேரத்துல வம்பை எதுக்கு விலைக்கு வாங்கணும்?" பழைய குற்றம் நினைவுக்கு வந்துவிட்டது போலிருக்கிறது, அதற்கு மேல் பேசாமல் குனிந்துகொண்டான்.

ஐஸ்காரர் தண்ணீர்க் குழாயைப் பார்த்துக்கொண்டு நின்றார். கையெழுத்துப் போட அவர் ஒருவர் போதும். ஆனால் பெற்ற மகள் வேண்டாம் என்று நின்றால் கண் வங்கிக்காரர் தொட மாட்டார். வழக்கமே அதுதான், இந்தப் படம் வந்த பிறகு இன்னும் கண்டிப்பு. மகள் சொல்கிற ஒரு வார்த்தையில்தான் எல்லாம் இருந்தது. நேரம் வேறு ஓடிக்கொண்டிருந்தது. மனைவியிடம் சொன்ன சரியை இனிமேல் மாற்றிச் சொல்லவும் முடியாது, கேட்க அவள் இல்லை.

மகள் முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். பிறகு குரலைத் தாழ்த்தினாள்.

"ஒண்ணு கேட்டாக் கோவிச்சுக்க மாட்டீங்களே?"

"கேளும்மா."

"அந்தப் படத்துல... அந்தப் பெட்டியில நிஜமாவே கண்ணு மட்டும்தானே இருந்துச்சு?"

மச்சினன் தலையைத் தூக்கிப் பார்த்தான். இத்தனை காலமும் அவள் இதை மனசில் வைத்துக்கொண்டா வீட்டுக்கு வந்துபோய்க்கொண்டிருந்தாள்? வந்து உட்கார்ந்து சாப்பிட்டிருக்கிறாள், அப்பாவுக்கு மாத்திரை வாங்கிக் கொடுத்திருக்கிறாள், சிரித்துப் பேசியிருக்கிறாள். அடிக்க வேண்டும், திட்ட வேண்டும், குறைந்தபட்சம் நெஞ்சு வலிக்கவாவது வேண்டும் என்று ஐஸ்காரருக்குத் தோன்றியது. ஒன்றும் வலிக்கவில்லை. அவளும் கேட்டுவிட்டாள், அவ்வளவுதான் என்று இருந்தது.

"கண்ணு மட்டும்தான்" என்றார். "உங்கம்மா ஒரு நாளும் இதைக் கேட்டதில்லை."

குத்திக்காட்டச் சொன்னதல்ல. உண்மையைச் சொன்னார். மகள் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். அவள் அழுது முடிக்கிற வரைக்கும் அவர் நின்றார், அதில் அவருக்கு நல்ல பழக்கம் இருந்தது. கடைசியில் அவள், "எடுக்கச் சொல்லுங்க. ஆனா நான் கூட இருப்பேன்" என்றாள்.

கண் வங்கிக்காரர் வந்தார். எத்தனையோ மாதம் கழித்து இருவரும் பார்த்துக்கொண்டார்கள். "அண்ணா" என்று கையைப் பிடித்துக்கொண்டார். அறைக்குள் நான்கு பேர்தான். கட்டிலில் அவள், பக்கத்தில் கண் வங்கிக்காரர், காலடியில் ஐஸ்காரர், சுவரோரம் மகள். பார்ப்பேன் என்று வந்த மகள் கத்தரி வெளியே வந்ததும் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டாள். ஐஸ்காரர் பார்த்தார். யார் யாருக்கோ நடந்ததைப் பார்த்த அதே கண்ணால் பார்த்தார். வேலை சுத்தமாக நடந்தது. இமைகளை மூடியபின் தூங்குகிற முகமாகவே இருந்தது.

கண் வங்கிக்காரர் குப்பிகளைப் பெட்டியில் வைத்து மூடித் தாழ்ப்பாளைப் போட்டார்.

"கொஞ்சம் திறந்து காட்டுங்க" என்றார் ஐஸ்காரர்.

கண் வங்கிக்காரர் மகளைப் பார்த்தார், அவளுக்காகக் கேட்கிறார் என்று நினைத்தார். மகள் திரும்பி, "வேணாம்பா. நான் நம்புறேன்" என்றாள்.

"திறங்க."

திறந்தார். ஐஸ்காரர் குனிந்து பார்த்தார். இரண்டு குப்பிகள், சுற்றிலும் ஐஸ் பைகள். கையை விட்டு ஒரு ஐஸ் பையைத் தூக்கி அதற்கு அடியில் என்ன இருக்கிறது என்று பார்த்தார். இன்னொன்றையும் தூக்கினார். பெட்டியின் வெறும் அடிப்பாகம்தான் இருந்தது. எத்தனை வருஷமாகத் தன் கையால் தூக்கிய பெட்டி, என்ன இருக்கும் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார். ஆனாலும் பார்க்காமல் அவரால் இருக்க முடியவில்லை. மகளுக்காக இல்லை, வாசலில் நிற்கிற சனங்களுக்காகவும் இல்லை. அவருக்கே பார்க்க வேண்டியிருந்தது. தலை நிமிர்ந்தபோது கண் வங்கிக்காரர் முகம் வெளுத்துப்போயிருந்தது.

"அண்ணா, நீங்களுமா?" என்றார் மெதுவாக.

ஐஸ்காரர் தாழ்ப்பாளைப் போட்டுவிட்டுப் பெட்டியைத் தூக்கினார். பழக்க தோஷம், கால் சமையலறைப் பின்கதவுப் பக்கம் திரும்பியது. நின்று, திரும்பி, முன்வாசல் வழியாகப் போனார். துண்டு போடவில்லை. வாசலில் நின்றவர்கள் விலகி வழிவிட்டார்கள். சிலர் போனை எடுத்தார்கள், சிலர் எடுத்ததைத் திரும்பப் பைக்குள் வைத்துக்கொண்டார்கள். ஒருவரும் ஒன்றும் கேட்கவில்லை. அவள் பார்க்க ஆசைப்பட்டது இதைத்தான். அவருக்குப் பெட்டியின் கனம் மட்டும்தான் தெரிந்தது.

எல்லாம் முடிந்து வீடு காலியான சில நாளில் கண் வங்கியிலிருந்து போன் வந்தது. இரண்டு பேருக்கு வைத்தாகிவிட்டது, இருவருக்கும் பார்வை நன்றாக இருக்கிறது என்றார்கள். யார், எந்த ஊர் என்று சொல்வதற்கில்லை. இதே செய்தியை இதே வார்த்தைகளில் எத்தனையோ வீடுகளுக்குக் கண் வங்கிக்காரருக்காக ஐஸ்காரரே சொல்லியிருக்கிறார், அந்த வீடுகளில் விம்மி விம்மி அழுதிருக்கிறார்கள். இப்போது அவர் போனைப் பிடித்துக்கொண்டு, இவர்கள் சொல்வது நிஜமாக இருக்குமா என்று யோசித்துக்கொண்டு நின்றார். "சரிங்க, சந்தோஷம்" என்று வைத்தார். மகளிடம் சொன்னார். அவள் அழுதுகொண்டே தாய்மாமனிடம் சொன்னாள்.

மச்சினனுக்கு ஒரு பாவத்தைக் கழுவ வேண்டியிருந்தது, பாவம். உட்கார்ந்து தன் கையாலேயே எழுதினான். என் அக்கா இறந்துவிட்டாள், பின்வாசல் வேண்டாம், எல்லாரும் பார்க்கட்டும் என்று சொல்லிவிட்டுக் கண்ணைக் கொடுத்தாள், இரண்டு பேருக்குப் பார்வை வந்திருக்கிறது, என் அத்தான் மீது சொன்னதெல்லாம் பொய் என்று எழுதி, முன்பு எந்தெந்தக் குழுவுக்கெல்லாம் படத்தை அனுப்பினானோ அங்கெல்லாம் ஒன்று விடாமல் அனுப்பினான். அத்தானிடம் வந்து காட்டவும் செய்தான். அவர் படித்துவிட்டு, "நல்லா எழுதியிருக்கே" என்றார்.

விடுப்பு முடிந்து ஐஸ்காரர் வேலைக்குத் திரும்பினார். சில வாரம் போயிருக்கும். ஒரு நாள் காலையில் டீக்கடையில் நின்றுகொண்டிருந்தார். டீக்கடைக்காரர் அடுப்புப் பக்கம் திரும்பிப் போனைப் பார்த்துக்கொண்டிருந்தார். கண் கலங்கியிருந்தது. இத்தனை நாள் முகம் கொடுத்துப் பேசாதவர், தாங்க முடியாமல் போனை நீட்டினார்.

"இதைப் பாருங்கண்ணா. இந்தக் காலத்துலயும் இப்படி ஒரு அம்மா."

ஐஸ்காரர் வாங்கிப் பார்த்தார். ஒரு பெண்ணின் படம். வட்ட முகம், பல் தெரிகிற சிரிப்பு, மூக்குக்கண்ணாடி இல்லை. அவர் வாழ்நாளில் பார்த்திராத முகம். கீழே எழுதியிருந்தது: "ஓர் ஆசிரியையின் கடைசி ஆசை. 'என் கண்களைப் பின்வாசல் வழியாகக் கொண்டுபோகாதீர்கள், எல்லாரும் பார்க்கட்டும்' என்று சொல்லிக் கண்மூடிய தெய்வத்தாய். இன்று நான்கு குழந்தைகளுக்குப் பார்வை. ஒரு நல்ல உள்ளமாவது இதைப் பகிருமா?" ஆயிரக்கணக்கில் பகிர்ந்திருந்தார்கள். மச்சினனின் பெயர் இல்லை, அத்தான் பற்றிய வரி இல்லை. அவளுடைய ஒரு வாக்கியம் மட்டும் அப்படியே இருந்தது, யாரோ ஒருத்தியின் சிரிப்புக்குக் கீழே.

அவர் அந்தப் படத்தை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். இது என் மனைவி சொன்னது என்று சொல்லலாம். சொன்னால் டீக்கடைக்காரர் அவர் முகத்தைப் பார்ப்பார், பிறகு படத்தைப் பார்ப்பார், பிறகு மறுபடியும் அவர் முகத்தைப் பார்ப்பார். அந்தப் பார்வையை அவர் எத்தனையோ பேரிடம் பார்த்தாகிவிட்டது.

"என்னண்ணா, தெரிஞ்சவங்களா?" என்றார் டீக்கடைக்காரர்.

"இல்ல" என்று போனைத் திருப்பிக் கொடுத்தார் ஐஸ்காரர். "யாருன்னு தெரியலை."